டுப்ரோவ்னிக்கிலிருந்து மோஸ்தாருக்கு ஒருநாள் டூர்: போகலாமா, எதில் போகலாம்?

பூவரசு

மே மாதம் நான், கணவர், அம்மா மூவரும் குரோஷியா போகிறோம். ஸ்ப்ளிட்டில் இறங்கி டுப்ரோவ்னிக்கில் முடிக்கிறோம். டுப்ரோவ்னிக்கில் கோட்டை மதிலைச் சுற்றி வந்த பிறகு ஒரு முழு நாள் கையில் இருக்கும். அதைப் பக்கத்து நாட்டுக்கு ஒதுக்கலாம் என்று யோசனை. தேடினால் இரண்டு டூர்தான் திரும்பத் திரும்ப வருகிறது. ஒன்று போஸ்னியா-ஹெர்செகோவினாவில் மோஸ்தார், இன்னொன்று மொண்டெனேக்ரோவில் கோத்தோர்.

எனக்கு மோஸ்தார் மேல்தான் மனசு. 1993இல் போஸ்னியப் போரில் மோஸ்தாரின் பழைய பாலம் குண்டு பட்டு ஆற்றில் விழும் காட்சியைப் பார்த்ததிலிருந்தே, திரும்பக் கட்டிய பாலத்தில் ஒருமுறை நடக்க வேண்டும் என்று ஆசை. ஆனால் மோஸ்தார் டூரிலேயே மூன்று வகை விற்கிறார்கள். மோஸ்தாரோடு க்ராவித்சா அருவி சேர்ந்தது ஒன்று, பொச்சிதேல் என்ற கோட்டைக் கிராமம் சேர்ந்தது ஒன்று, இவை எல்லாவற்றோடும் மெஜுகோரியே மாதா கோயிலும் சேர்ந்தது ஒன்று. எல்லாமே காலை ஏழு மணிக்குக் கிளம்பி மாலை ஏழுக்குத் திரும்புகிறது. தலைக்கு ஐம்பது, அறுபது யூரோ சொல்கிறார்கள்.

அம்மாவுக்கு 66 வயது. சமதளத்தில் எவ்வளவு தூரம் வேண்டுமானாலும் நடப்பார், படி இறங்கினால் முழங்கால் வலிக்கும். எங்கள் மூவரிடமும் இந்தியப் பாஸ்போர்ட், ஐரோப்பாவில் பல நாடுகளுக்கும் சேர்த்துச் செல்லும் ஷெங்கன் விசா. போய் வந்தவர்கள் சொல்லுங்கள்.

ஊர்சுற்றி

பூவரசு, டூரைப் பற்றிப் பேசுவதற்கு முன் பாஸ்போர்ட்டை எடுத்து விசா ஒட்டியைப் பாருங்கள். நுழைவு எண்ணிக்கை என்ற கட்டத்தில் 01 என்று அச்சாகியிருந்தால் இந்தப் பேச்சையே இத்தோடு விட்டுவிடலாம். குரோஷியா 2023 ஜனவரி 1 முதல் ஷெங்கனுக்குள் இருக்கிறது. போஸ்னியா இல்லை. எல்லை தாண்டிய நிமிடமே உங்கள் ஒருமுறை நுழைவு விசா தீர்ந்துபோகும், திரும்ப டுப்ரோவ்னிக்குக்குள் விடமாட்டார்கள். பெட்டி ஹோட்டலில் இருக்கும், நீங்கள் எல்லையில் நிற்பீர்கள். டூர் விற்கிறவர் இதைக் கேட்கவே மாட்டார். அவர் பார்க்கும் பயணிகளில் பெரும்பாலோருக்கு விசா என்ற சங்கதியே கிடையாது.

பலமுறை நுழைவு விசா என்றால் கவலையில்லை. செல்லுபடியாகும் பலமுறை ஷெங்கன் விசா வைத்திருப்பவர்களைப் போஸ்னியா தனி விசா இல்லாமல் அனுமதிக்கிறது. இந்த விதிகள் மாறக்கூடியவை, கிளம்புவதற்கு முந்தைய வாரம் போஸ்னியா வெளியுறவு அமைச்சகத்தின் தளத்தை ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

ஸ்ப்ளிட்டிலிருந்து டுப்ரோவ்னிக்குக்குப் பேருந்தில் வருவீர்கள் என்றால் இன்னொன்று. முன்பெல்லாம் அந்த வழியே போஸ்னியாவின் நெயூம் என்ற கடற்கரை ஊரைத் தாண்டித்தான் போகும். ஒருமுறை நுழைவுக்காரர்களுக்கு அது தலைவலி. 2022 ஜூலையில் பெல்யேஷாத்ஸ் பாலம் திறந்த பிறகு குரோஷியாவை விட்டு வெளியே போகாமலேயே வந்துவிடலாம். நீங்கள் ஏறும் பேருந்து பாலத்தின் வழியாகப் போகிறதா என்று மட்டும் கேட்டுக்கொள்ளுங்கள்.

பூவரசு

நன்றி ஐயா, இது எங்களுக்குத் தோன்றவே இல்லை. இப்போதே எடுத்துப் பார்த்தேன், மூவருக்கும் பலமுறை நுழைவுதான். சரி, இனி டூருக்கு வருவோம்.

கல்வெட்டு

நெயூம் பற்றிப் பேச்சு வந்ததால் ஒரு சேதி. குரோஷியாவை இரண்டாக வெட்டிக்கொண்டு போஸ்னியாவுக்கு ஏன் இருபது கிலோமீட்டர் சொச்சம் மட்டும் கடற்கரை என்று பலர் கேட்பார்கள். டுப்ரோவ்னிக் அன்று ரகூசா என்ற தனிக் குடியரசு. வடக்கே வெனிஸ்காரர்கள் எப்போது மேலே விழுவார்களோ என்ற பயம். 1699 கார்லோவித்ஸ் உடன்படிக்கையின்போது இரண்டுக்கும் நடுவில் ஒட்டோமான் துருக்கியர் இருக்கட்டும் என்று அந்தத் துண்டு நிலத்தை அவர்கள் கைக்குப் போகவிட்டார்கள். அந்தக் கோடுதான் இன்றும் எல்லை. டூர் பேருந்து அந்த வழியில் போனால் நீங்கள் மூன்று நூற்றாண்டுக்கு முந்தைய அரசியல் கணக்கு ஒன்றின் மேல் ஓடுகிறீர்கள்.

ரயிலடி

நான் நேராகவே சொல்கிறேன், மோஸ்தாருக்கு ஒருநாள் டூரில் போகாதீர்கள். டுப்ரோவ்னிக்கிலிருந்து 140 கிலோமீட்டர். எல்லை வரிசை, கழிவறை நிறுத்தம், கடை நிறுத்தம் எல்லாம் சேர்ந்து ஒரு பக்கத்துக்கு மூன்று மணி நேரம். நடுவில் ஊருக்குக் கிடைப்பது இரண்டு, இரண்டரை மணி நேரம். அதுவும் எப்போது? பதினொன்றிலிருந்து மூன்றுக்குள். டுப்ரோவ்னிக், ஸ்ப்ளிட், மகார்ஸ்கா என்று எல்லா இடத்துப் பேருந்துகளும் அதே நேரத்தில்தான் வந்து நிற்கும். பாலத்தின் மேல் தோளோடு தோள் உரசிக்கொண்டு நிற்பீர்கள்.

நான்கு மணிக்கு மேல் அந்த ஊர் வேறு ஊர். பேருந்துகள் போன பிறகு கடைக்காரர்கள் வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்து பேசிக்கொண்டிருப்பார்கள். மாலைத் தொழுகைக்கான அழைப்பு ஒரு பள்ளிவாசலில் தொடங்கி அடுத்தடுத்து வரும். இரவு தங்கினால் அறை டுப்ரோவ்னிக் விலையில் பாதிகூட ஆகாது. மறுநாள் காலை ஏழு மணிக்குப் பாலம் உங்களுக்கே. நேரம் இருந்தால் அங்கிருந்து சரயேவோவுக்கு ரயில் இருக்கிறது. சுமார் இரண்டு மணி நேரம், நெரெத்வா ஆற்றையும் யப்லானித்சா ஏரியையும் ஒட்டிக்கொண்டு, சுரங்கம் மாற்றிச் சுரங்கமாக மலையேறும். ஐரோப்பாவில் நான் போன ரயில் பாதைகளில் அதற்கு மேல் ஒன்றைச் சொல்லமாட்டேன்.

டுப்ரோவ்னிக் க்ரூஷ் பேருந்து நிலையத்திலிருந்து மோஸ்தாருக்குச் சாதாரணப் பேருந்தே உண்டு. அதில் போய் ஒரு இரவு தங்குங்கள்.

ஊர்சுற்றி

ரயிலடி, உங்கள் பேச்சில் ஒரு சொல்லைக்கூட மறுக்கவில்லை. ஆனால் கேட்டவரின் நிலைமையைப் பாருங்கள். டுப்ரோவ்னிக்கில் அறைக்குக் காசு கட்டியாகிவிட்டது, கூடவே 66 வயது அம்மா, கையில் ஒரே நாள். சாதாரணப் பேருந்துகள் நாளுக்குச் சிலதான், எல்லையில் எவ்வளவு நேரம் நிற்கும் என்று யாராலும் சொல்ல முடியாது. இவர்களைப் போன்றவர்களுக்கு டூர்தான் வழி. அதில் எது நல்லது என்று பார்த்துக் கொடுப்பதுதான் நம் வேலை.

அப்புறம், மோஸ்தார் போன்ற ஊரில் வழிகாட்டி இல்லாமல் சுற்றினால் அழகான பாலமும் செம்புக்கடைகளும்தான் கண்ணில் படும். எந்தச் சுவர் ஏன் புதிது, எந்தக் கட்டடம் ஏன் கூரையில்லாமல் நிற்கிறது என்று சொல்ல ஆள் வேண்டும். பெரும்பாலான டூர்களில் குரோஷியாவிலிருந்து வரும் ஆள் பேருந்தோடு நின்றுகொள்வார், மோஸ்தாரில் உள்ளூர் உரிமம் பெற்ற வழிகாட்டி வந்து முக்கால் மணி நேரம் நடத்திக் காட்டுவார். பதிவு செய்வதற்கு முன் கேட்க வேண்டிய முதல் கேள்வி இதுதான்: மோஸ்தாரில் எங்களை நடத்தப்போவது உள்ளூர்க்காரரா?

இரண்டாவது கேள்வி, மோஸ்தாரில் மொத்தம் எத்தனை மணி நேரம் என்பது. எத்தனை இடம் காட்டுகிறார்கள் என்று பார்க்காதீர்கள். இடம் கூடக் கூட ஒவ்வொன்றிலும் நிற்கும் நேரம் குறையும். மூன்று மணி நேரத்துக்குக் கீழே சொல்லும் டூரைத் தொடவே வேண்டாம். எல்லாம் சேர்ந்த அந்த மூன்றாவது வகையை உடனே ஒதுக்கிவிடலாம். மெஜுகோரியே 1981இல் மாதா காட்சி கொடுத்ததாகச் சிலர் சொன்னதிலிருந்து பெரிய யாத்திரைத் தலமாகிவிட்டது. நம்பிக்கையோடு போகிறவர்கள் அங்கேயே ஒரு நாள் தங்குவார்கள். அரை மணி நேர நிறுத்தத்தில் மெழுகுவத்திக் கடைகளைத்தான் பார்க்க முடியும்.

மிளகுத்தண்ணி

அருவி பற்றி நான் சொல்கிறேன். க்ராவித்சா அழகுதான், மறுக்கவில்லை. 25 மீட்டர் உயரத்திலிருந்து அரைவட்டமாகப் பல கிளையாக விழும். மே மாதத்தில் தண்ணீர் நிறைய இருக்கும். ஆனால் வண்டி நிற்கும் இடத்திலிருந்து அருவிக்குச் சரிவாக இறங்க வேண்டும், திரும்ப ஏறவும் வேண்டும். சீசனில் ஒரு சிறிய சுற்றுலா வண்டி ஓடும், உங்கள் நேரத்துக்கு அது இருக்கும் என்று நம்பிப் போக முடியாது. நுழைவுச்சீட்டும் பல டூர்களில் தனி. அம்மாவின் முழங்காலை நினைத்தால் இது வேண்டாம்.

பொச்சிதேலும் ஏற்றம்தான். ஆனால் அங்கே கீழேயே நின்று முழுக் கிராமத்தையும் அண்ணாந்து பார்த்துவிடலாம். மலைச்சரிவில் கல்வீடுகள், ஒரு பள்ளிவாசல், மணிக்கூண்டு, உச்சியில் கோட்டைக் கோபுரம். வாசலில் உள்ளூர்ப் பெண்கள் காய்ந்த அத்திப்பழத்தையும் செர்ரியையும் காகிதக் கூம்பில் போட்டு விற்பார்கள், மாதுளைச்சாறும் கிடைக்கும். அம்மா அங்கே உட்கார்ந்துகொள்ளட்டும், நீங்கள் ஏறிவிட்டு வாருங்கள்.

நீங்கள் சைவமா? அதைப் பொறுத்துச் சாப்பாடு சொல்கிறேன்.

பூவரசு

அம்மா சைவம், முட்டை சாப்பிடுவார். நாங்கள் இருவரும் எல்லாம்.

மிளகுத்தண்ணி

அப்படியென்றால் சுலபம். உங்கள் இருவருக்கும் செவாப்பி. விரல் நீள மாட்டிறைச்சி உருண்டைகளைக் கரியில் சுட்டு, சோமூன் என்ற உப்பிய ரொட்டிக்குள் வைத்து, பச்சை வெங்காயமும் கைமாக் என்ற பாலாடையும் சேர்த்துக் கொடுப்பார்கள். பாதித் தட்டு, முழுத் தட்டு என்று கேட்கலாம், பாதியே போதும்.

அம்மாவுக்கு, உள்ளே பூரணம் வைத்துச் சுருட்டிச் சுட்ட அடை மாதிரியான பண்டம் கிடைக்கும் பேக்கரிக்குப் போங்கள். புரேக் என்று மட்டும் கேட்டால் போஸ்னியாவில் கறி வைத்ததுதான் வரும். கீரையும் பாலாடைக்கட்டியும் வைத்தது ஸெல்யானித்சா, உருளைக்கிழங்கு வைத்தது க்ரொம்பிருஷா, வெறும் பாலாடைக்கட்டி என்றால் சிர்னித்சா. காகிதத்தில் எழுதி வைத்துக்கொண்டு காட்டினால் போதும். மேலே தயிர் ஊற்றிச் சாப்பிடுவார்கள், நம் நாக்குக்கு நன்றாகவே ஒத்துவரும். இனிப்புக்குத் துஃபாஹியா: ஆப்பிளை வேகவைத்துக் குடைந்து வால்நட் நிரப்பியது.

டூரோடு வரும் மதியச் சாப்பாட்டை வாங்காதீர்கள். ஐம்பது பேருக்கு ஒரே நேரத்தில் பரிமாறுவதால் மோஸ்தாரில் உங்களுக்குக் கிடைக்கும் நேரத்தில் ஒரு மணி நேரம் போய்விடும்.

சூரிச் தம்பி

வணக்கம் பூவரசு அக்கா. நான் சுவிஸில் இருக்கிறேன். எங்கள் வேலையிடத்தில் மோஸ்தார்க்காரர் ஒருவர் இருக்கிறார், சண்டை நேரம் சிறுபிள்ளையாக வந்தவர். இந்த இழையைப் பார்த்துவிட்டு அவரோடு கதைத்தேன். அவர் சொன்னது ஒன்றுதான். வருகிற ஆட்கள் பாலத்தையும் பாலத்தைச் சுற்றியுள்ள முந்நூறு மீட்டரையும் பார்த்துவிட்டுப் போகிறார்கள், மேற்குப் பக்கம் பத்து நிமிடம் நடந்து புலேவார் என்ற அகலத் தெருவுக்கு வருவதில்லை. அந்தத் தெருதான் 1993இல் சண்டைக்கோடு. அங்கே இன்னமும் குண்டுத் துளையோடு கட்டடங்கள் நிற்கின்றன. பக்கத்தில் ஸ்பானிய சதுக்கம் இருக்கிறது, அமைதிப்படையில் வந்து செத்த ஸ்பானிய வீரர்களின் நினைவாக வைத்த பெயர். சதுக்கத்தின் ஓரத்தில் ஆஸ்திரியா-ஹங்கேரிக் காலத்துப் பழைய உயர்பள்ளிக் கட்டடம், ஆரஞ்சு நிறம், திருத்திக் கட்டியிருக்கிறார்கள்.

நகரம் இன்றைக்கும் பெரும்பாலும் கிழக்கே போஸ்னியாக்கள் (போஸ்னிய முஸ்லிம்கள்), மேற்கே குரோவத்தியர் (குரோஷிய இனத்தவர்) என்றுதான் இருக்கிறது. பிள்ளைகள் ஒரே கட்டடத்தில் இரண்டு பாடத்திட்டத்தில் படிக்கிறார்கள். 2008க்குப் பிறகு 2020 டிசம்பர் வரைக்கும் உள்ளூராட்சித் தேர்தலே நடக்கவில்லை, எப்படி வாக்கைப் பிரிப்பது என்று இரண்டு தரப்பும் ஒத்துவராததால். சண்டை முடிந்தது என்று சொல்வது எங்களுக்கு லேசு. அவர்கள் அதற்குப் பிறகும் அதே ஊரில் இருந்து வாழ வேண்டும். யாழ்ப்பாணத்தில் இருந்து வந்த எனக்கு இது நன்றாக விளங்குகிறது.

ஓய்வு நேரம் கிடைத்தால் கடைத்தெருவை விட்டுவிட்டு அந்தப் பத்து நிமிடத்தை நடந்து பாருங்கள், அக்கா. உடைந்த கட்டடங்களுக்கு உள்ளே மட்டும் ஏற வேண்டாம், கூரை எப்ப விழும் என்று தெரியாது.

வெண்மேகம்

இடையில் கேட்கிறேன். பாலத்தை உடைத்தது செர்பியர்கள்தானே?

கல்வெட்டு

இல்லை வெண்மேகம். இதைப் பலர் இப்படித்தான் நினைத்திருக்கிறார்கள், அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

1992இல் மோஸ்தாரைக் குண்டுவீசித் தாக்கியது, போஸ்னியா அதுவரை சேர்ந்திருந்த யூகோஸ்லாவியாவின் ராணுவம்; அது செர்பியர்கள் கையிலிருந்தது. அப்போது போஸ்னியாக்களும் குரோவத்தியர்களும் ஒன்றாக நின்று எதிர்த்தார்கள். 1993இல் அந்த இரண்டு தரப்புமே மோதிக்கொண்டது. கிழக்குக் கரையில் போஸ்னியாக்கள் முற்றுகைக்குள் மாட்டிக்கொண்டார்கள். 1993 நவம்பர் 9ஆம் தேதி போஸ்னியக் குரோவத்தியப் படையின் தொடர்ந்த பீரங்கித் தாக்குதலில்தான் பாலம் விழுந்தது. 427 ஆண்டுகள் நின்ற பாலம் அது. ஒட்டோமான் சுல்தான் சுலைமான் உத்தரவில் 1557இல் தொடங்கி 1566இல் முடித்தார்கள். கட்டியவர் மிமார் ஹைருத்தீன், பெரும் கட்டடக்கலைஞர் சினானின் மாணவர்.

வழக்கும் நடந்தது. ஹேகில் இருந்த யூகோஸ்லாவியாவுக்கான பன்னாட்டுக் குற்றத் தீர்ப்பாயம் ஆறு குரோவத்தியத் தலைவர்கள் மேல் 2013இல் தீர்ப்பளித்தபோது, பாலத்தை இடித்ததில் ராணுவ ஆதாயத்தைவிடப் பொதுமக்களுக்கு நேர்ந்த கேடு அளவு மீறியது என்றது. 2017 நவம்பரில் மேல்முறையீட்டு அமர்வு, பாலம் ராணுவ இலக்காகவும் இருந்தது என்று சொல்லி அந்த ஒரு குற்றச்சாட்டை விலக்கியது. மற்றக் குற்றங்களுக்கான பெரும்பாலான தண்டனைகள் நிலைத்தன. ஆக, உங்கள் வழிகாட்டி எந்தக் கரைக்காரரோ அதைப் பொறுத்து இந்தக் கதை எங்கே தொடங்கும், எங்கே முடியும் என்பது மாறும். ஊர்சுற்றி உள்ளூர் வழிகாட்டி வேண்டும் என்றார், நானும் அதையே சொல்கிறேன். ஆனால் போவதற்கு முன் இந்த அளவுக்காவது தெரிந்துகொண்டு போனால் அவர் சொல்வதை எங்கே வைத்துப் பார்ப்பது என்று உங்களுக்கே புரியும்.

பாலத்தைத் திரும்பக் கட்டியதும் தனிக் கதை. விழுந்த கற்களை 1997இல் ஹங்கேரிய ராணுவ முக்குளிப்பாளர்கள் ஆற்றிலிருந்து எடுத்தார்கள். பெரும்பாலானவை திரும்ப வைக்கும் நிலையில் இல்லை. அதனால் அதே வட்டாரத்துத் தெனெலியா என்ற வெளிர் சுண்ணாம்புக்கல்லைப் புதிதாக வெட்டி, பழைய முறைப்படியே இரும்புக் கொண்டிகளைப் பதித்து, இடுக்கில் ஈயத்தைக் காய்ச்சி ஊற்றிக் கட்டினார்கள். பணம் கொடுத்த நாடுகளில் குரோஷியாவும் ஒன்று. 2004 ஜூலை 23இல் திறந்தார்கள், மறு ஆண்டு யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது.

வசதி இருந்தால் ஒரு யோசனை. மூன்று பேர் என்பதால் டூர் காசோடு இன்னும் கொஞ்சம் போட்டால் ஓட்டுநரோடு தனிக் கார் கிடைக்கும். அப்படி எடுத்தால் திரும்பும்போது ஸ்தோலாத்ஸ், த்ரெபின்யே வழியாக வரச் சொல்லுங்கள். ஸ்தோலாத்ஸ் பக்கத்தில் ரதிம்லியா என்ற இடத்தில் சாலையோரத்திலேயே இடைக்காலக் கல்லறைக் கற்கள் நூற்றுக்கும் மேல் நிற்கின்றன. ஒன்றில் ஒரு மனிதன் வலது கையை உயர்த்தி நிற்பான், உள்ளங்கை அவன் முகத்தைவிடப் பெரியது. 2016இல் அவையும் யுனெஸ்கோ பட்டியலுக்கு வந்துவிட்டன. பெரிய பேருந்துகள் அங்கே நிற்பதில்லை.

ரயிலடி

தனிக் கார் நல்ல யோசனை, அதற்கு நான் ஒப்புக்கொள்கிறேன். மதியக் கூட்டத்துக்கு முன்னால் போய்ச் சேரலாம். ஆறு மணிக்குக் கிளம்பினால் ஒன்பதுக்குப் பாலத்தில் இருப்பீர்கள்.

நெறியாளர்

வாடகைக்கார் எடுத்துத் தாமே ஓட்டிக்கொண்டு போவது பற்றிய கேள்விகளை வேறு இழைக்கு மாற்றியிருக்கிறேன். இங்கே டூர், ஓட்டுநரோடு கார் இவற்றைப் பற்றி மட்டும் பேசுவோம்.

ஊர்சுற்றி

மறக்கும் முன் சில சில்லறை விஷயங்கள். போஸ்னியா ஐரோப்பிய ஒன்றியத்தில் இல்லாததால் உங்கள் குரோஷிய சிம்மின் டேட்டா அங்கே ஓடாது, ஓடினால் பணம் கரையும். எல்லைக்கு முன்பே டேட்டாவை அணைத்துவிட்டு வரைபடத்தை இறக்கி வைத்துக்கொள்ளுங்கள். அங்கே நாணயம் மார்க், ஒரு யூரோவுக்கு 1.95583 என்று நிலையாகக் கட்டிவைத்த மதிப்பு. பழைய நகரத்துக் கடைகளில் இரண்டு மார்க்குக்கு ஒரு யூரோ என்று யூரோவே வாங்கிக்கொள்வார்கள், ஒருநாள் போக மாற்றவே வேண்டாம். கழிவறைக்கு மட்டும் சில்லறை வைத்துக்கொள்ளுங்கள்.

2025 அக்டோபர் 12 முதல் ஷெங்கன் எல்லைகளில் முத்திரைக்குப் பதிலாகக் கைரேகையும் முகப்படமும் எடுக்கும் முறையைக் கொண்டுவரத் தொடங்கினார்கள். பதிவு ஏற்கனவே ஆகியிருந்தாலும் பேருந்திலிருந்து இறங்கி வரிசையில் நிற்க நேரும். திரும்பும் வழியில் அதற்கு நேரம் விட்டுக்கொள்ளுங்கள், அன்று இரவு விமானம் எதுவும் வைத்துக்கொள்ள வேண்டாம்.

முக்கியமாக ஒன்று. போர்க்காலக் கண்ணிவெடிகளை அந்த நாட்டில் இன்னும் அகற்றி முடிக்கவில்லை. ஊருக்குள்ளும் சுற்றுலா இடங்களிலும் ஆபத்து இல்லை. ஆனால் வழியில் வண்டி நிற்கும்போது படம் எடுக்கிறேன் என்று சாலையை விட்டுப் புதருக்குள் இறங்காதீர்கள். மண்டையோடு போட்ட சிவப்புப் பலகையைக் கண்டால் அப்படியே திரும்பிவிடுங்கள்.

பூவரசு

போய் வந்துவிட்டோம். எல்லாருக்கும் பெரிய நன்றி. அடுத்து போகிறவர்களுக்கு உதவும் என்று விவரமாக எழுதுகிறேன்.

தனிக் கார் விலை எங்களுக்குக் கட்டுப்படியாகவில்லை. அதனால் பொச்சிதேலும் மோஸ்தாரும் மட்டும் உள்ள சிறிய வேன் டூரைப் பிடித்தோம். பதிவுக்கு முன் நீங்கள் சொன்ன இரண்டு கேள்விகளையும் மூன்று நிறுவனங்களுக்கு மின்னஞ்சலில் அனுப்பினேன். ஒன்று பதிலே போடவில்லை. இன்னொன்று "போதுமான ஓய்வு நேரம் உண்டு" என்று மழுப்பியது. மூன்றாவதுதான் மோஸ்தாரில் மூன்றரை மணி நேரம், உள்ளூர் வழிகாட்டி என்று நேராக எழுதியது. அதையே எடுத்தோம்.

போகும்போது எல்லையில் சிரமமில்லை. வேன் என்பதால் சீக்கிரம் முடிந்தது. போஸ்னிய அதிகாரி எங்கள் பாஸ்போர்ட்டைப் பக்கம் பக்கமாகப் புரட்டி விசாவைத் தேடினார். ஒட்டியில் நுழைவு எண்ணிக்கை இருந்த கட்டத்தை விரலால் தொட்டுப் பார்த்துவிட்டுத்தான் முத்திரை குத்தினார். வேனில் மற்றவர்கள் யாரிடமும் அவ்வளவு பார்க்கவில்லை. ஊர்சுற்றி ஐயா சொல்லாமல் இருந்திருந்தால் எனக்கு அந்த இடத்தில் நெஞ்சு நின்றிருக்கும்.

பொச்சிதேலில் மிளகுத்தண்ணி சொன்னபடியே அம்மா கீழே இருந்தார். நாங்கள் கோபுரம் வரை ஏறி நெரெத்வாவைப் பார்த்துவிட்டு இறங்கி வந்தால், அத்திப்பழம் விற்கும் அம்மாவோடு இவர் சைகையிலேயே பேரன் பேத்திக் கணக்குப் பேசிக்கொண்டிருந்தார். இரண்டு கூம்பு பழம் ஏற்கனவே காலி.

மோஸ்தார். எங்கள் வழிகாட்டி கிழக்குக் கரையில் பிறந்த பெண், முப்பத்தைந்து வயதுக்கு மேல் இருக்கும். போரைப் பற்றிக் கேட்டதற்கு அவர் ஒன்று செய்தார். முதலில் நாங்கள் என்ன படித்துவிட்டு வந்தோம் என்று கேட்டார். கல்வெட்டு எழுதியதை நான் சொன்னதும் தலையாட்டிவிட்டு, நீதிமன்றம் சொன்னது, தன் அப்பா சொல்வது, மேற்குக் கரையில் இருக்கும் தன் தோழியின் வீட்டில் சொல்வது என்று மூன்றையும் தனித்தனியாகச் சொன்னார். எது சரி என்று அவர் தீர்ப்புச் சொல்லவில்லை. அந்த முக்கால் மணி நேரத்துக்காகவே டூர் காசு தகும். நாங்களாகப் போயிருந்தால் இது கிடைத்திருக்காது, ரயிலடி.

பாலம் படத்தில் தெரிவதைவிடச் செங்குத்து. நடக்கும் தளம் வழுவழுவென்று தேய்ந்த கல். குறுக்கே அரை அடிக்கு ஒன்றாகக் கல்வரம்பு வைத்திருக்கிறார்கள், காலை அதில் முட்டுக்கொடுத்துத்தான் ஏற வேண்டும், இறங்க வேண்டும். முழங்கால் வலி உள்ளவர்களுக்கு இறக்கம்தான் கஷ்டம். அம்மா கைப்பிடிச் சுவரைப் பிடித்தபடி பக்கவாட்டில் அடி வைத்து இறங்கினார், பின்னால் வந்தவர்கள் பொறுமையாக நின்றார்கள். ரப்பர் அடிப்பாகம் உள்ள ஷூ கட்டாயம். மழை பெய்தால் வயதானவர்களை ஏற்றவே வேண்டாம்.

பாலத்து விளிம்பில் குதிப்பவர்கள் நின்றுகொண்டிருந்தார்கள். போதிய பணம் சேர்ந்த பிறகுதான் குதிப்பார்கள், அதுவரை விளிம்புக்கு வெளியே நின்று போக்குக் காட்டுவார்கள் என்று வழிகாட்டி முன்பே சொல்லிவிட்டார். இருபது மீட்டருக்கு மேல் உயரம், கீழே கோடையிலும் பனி போன்ற தண்ணீர். குதிப்பதற்கு முன் ஒருவர் தன் மேல் வாளித் தண்ணீரை ஊற்றி உடம்பைப் பழக்கிக்கொண்டார். மேலிருந்து பார்த்தால் தலைகள்தான் தெரியும். ஆற்றங்கரைக்கு இறங்கி நின்றால் முழுக் குதிப்பும் தெரியும். என் கணவர் கீழே போய்ப் பார்த்தார்.

கடைத்தெருவில் நல்ல செம்பு வேலைக்காரர்கள் இன்னும் இருக்கிறார்கள். ஒரு கடையில் பெரியவர் ஒருவர் தட்டை மடியில் வைத்து உளியால் தட்டித் தட்டிப் பூவேலை செய்துகொண்டிருந்தார், அவரிடம் ஒரு காபிப் பாத்திரம் வாங்கினோம். பக்கத்துக் கடையில் தோட்டா உறையில் செய்த பேனாக்கள் குவித்து வைத்திருந்தார்கள். அம்மா அதைக் கையில் எடுத்து, என்னவென்று தெரிந்ததும் வைத்துவிட்டார். இனி அந்தக் கடைப் பக்கம் போக வேண்டாம் என்றார்.

தம்பி, நீங்கள் சொன்ன புலேவாருக்கும் நடந்தோம். சுற்றுலாக்காரர் யாரும் இல்லை. குண்டுத் துளை நிறைந்த நான்கு மாடி வீட்டுக்குள்ளிருந்து ஒரு அத்திமரம் வெளியே வளர்ந்து நின்றது. அதற்கு அடுத்த வீட்டு மாடியில் துணி காய்ந்துகொண்டிருந்தது. ஸ்பானிய சதுக்கத்தில் பள்ளிப் பிள்ளைகள் பையோடு கூட்டமாகப் போனார்கள். படம் எடுக்க மனசு வரவில்லை.

திரும்பும்போது குரோஷிய எல்லையில் ஒரு மணி நேரத்துக்கு மேல் நின்றோம். முன்னால் நான்கு பெரிய பேருந்துகள். டுப்ரோவ்னிக் வந்து சேர இரவு எட்டரை.

சூரிச் தம்பி

அக்கா, வாசித்துவிட்டு அவருக்கு அப்படியே மொழிபெயர்த்துச் சொன்னேன். அந்த அத்திமரம் நிற்கும் வீடு எது என்று அவருக்கு உடனே தெரிந்துவிட்டது. சிறுவயதில் அந்தத் தெருவில் பந்து விளையாடியவராம்.

ரயிலடி

பூவரசு, நல்ல வழிகாட்டி கிடைத்தால் டூருக்கும் மதிப்பு உண்டு, அதை ஒத்துக்கொள்ளத்தான் வேண்டும். இருந்தாலும் நான் என் பக்கத்தை விடவில்லை. அடுத்தமுறை ஒரு இரவாவது தங்குங்கள். அம்மாவையும் கூட்டிக்கொண்டு போங்கள், காலையில் கூட்டமில்லாமல் நிதானமாக இறங்கலாம்.

பூவரசு

அம்மா இப்போதே சரயேவோ ரயிலைப் பற்றிக் கேட்கிறார். மிளகுத்தண்ணி, ஸெல்யானித்சா பிரமாதம். அம்மா இரண்டு துண்டு சாப்பிட்டார். துஃபாஹியா எனக்குத் தித்திப்பு அதிகம்.

வெண்மேகம்

எங்களுக்கு மோஸ்தார் போக இரண்டு மனமாக இருக்கிறது, குழந்தைகள் சின்னவர்கள். கோத்தோர் டூர் எப்படி? ஆகஸ்டில் போகிறோம்.

ஊர்சுற்றி

குழந்தைகளோடு என்றால் கோத்தோர் சுலபம். தூரம் குறைவு, மொண்டெனேக்ரோவில் யூரோதான் புழங்குகிறது, வழி முழுக்க வளைகுடாக் காட்சி. பெராஸ்ட் ஊரில் நிறுத்தி, படகில் ஏறி, வளைகுடா நடுவில் கல் கொட்டி உருவாக்கிய தீவிலுள்ள மாதா கோயிலுக்குக் கூட்டிப்போவார்கள். குழந்தைகளுக்கு அது பிடிக்கும். கோத்தோர் மதிலுக்கு 1350 படி, அதை ஆகஸ்ட் வெயிலில் குழந்தைகளோடு தொடாதீர்கள். பழைய நகரத்துச் சந்துகளில் சுற்றினாலே போதும்.

ஆனால் ஆகஸ்டில் கராசோவிச்சி எல்லைதான் பிரச்சினை, இரண்டு பக்கமும் மணிக்கணக்கில் வண்டிகள் நிற்கும். வளைகுடாவைச் சுற்றி வராமல் கமெனாரிக்கும் லெபெத்தானேவுக்கும் இடையே ஓடும் படகில் வண்டியை ஏற்றிக் கடக்கும் டூராகப் பாருங்கள், கொஞ்சம் நேரம் மிஞ்சும். காலை ஆறரைக்குள் கிளம்புவது கிடைத்தால் அதையே எடுங்கள். எட்டு மணிக்குக் கிளம்புவதை எவ்வளவு மலிவாகக் கொடுத்தாலும் வாங்காதீர்கள். விசா ஒட்டியில் அந்தக் கட்டத்தை நீங்களும் பார்த்துவிட்டு வந்து இங்கே சொல்லுங்கள், மற்றதை அப்புறம் பேசுவோம்.